மேயர், அமைச்சர், பிரதமர், ராஜினாமா: செர்பியாவின் மிலோஷ் வுச்செவிச் யார்?

செர்பியாவின் நோவி சாத் நகரத்தில் ரயில் நிலையக் கூரை விழுந்து 16 பேர் இறந்ததையடுத்து, 2024 நவம்பர் முதல் நடந்த மாணவர் போராட்டங்களைப் பற்றிப் படிக்கிற பலருக்கும் ஒரே இடத்தில் தடுமாற்றம் வருகிறது. "பிரதமர் ராஜினாமா செய்துவிட்டார்" என்று ஜனவரியில் செய்தி. மார்ச்சில் அவரே இன்னும் பிரதமர் என்று இன்னொரு செய்தி. ஏப்ரலில் வேறொருவர் பிரதமர், ஆனால் தெருவில் கூட்டம் குறையவில்லை, கோபம் முழுக்க வேறு ஒரு மனிதரை நோக்கிப் போகிறது. ராஜினாமா செய்தவர் ஒரு காலத்தில் விபத்து நடந்த அதே ஊரின் மேயர் என்றும் சொல்கிறார்கள். இந்த முடிச்சுகளை ஒவ்வொன்றாக அவிழ்க்க, மிலோஷ் வுச்செவிச் என்பவரின் அரசியல் வாழ்க்கையைத் தொடக்கத்திலிருந்து பார்த்தால் போதும்.

முதலில் பெயர்க் குழப்பம்

வுச்சிச் வேறு, வுச்செவிச் வேறு. அலெக்சாந்தர் வுச்சிச் 2014 முதல் 2017 வரை பிரதமர், 2017இலிருந்து குடியரசுத் தலைவர். மிலோஷ் வுச்செவிச் 2024 மே மாதம் பிரதமரானவர். இருவரும் உறவினர்கள் இல்லை. இரண்டு பெயர்களுக்கும் வேர் "வுக்" என்ற செர்பியச் சொல், ஓநாய் என்று பொருள். "இச்", "எவிச்" என்ற முடிவுகள் இன்னாருடைய வழிவந்தவர் என்பதைக் காட்டுபவை. அந்த நாட்டில் இது சாதாரணமான பெயர் அமைப்பு. தமிழில் எழுதும்போது ஓரெழுத்து தவறினால் ஆள் மாறிவிடும், அதனால் கீழே படிக்கும்போது இதை மனதில் வைத்துக்கொள்ளுங்கள்: வுச்சிச் என்றால் குடியரசுத் தலைவர், வுச்செவிச் என்றால் இந்தக் கட்டுரையின் நாயகர்.

அங்கே யாரை யார் தேர்ந்தெடுக்கிறார்கள்?

இது தெரியாவிட்டால் மீதி எதுவும் பிடிபடாது.

1. குடியரசுத் தலைவரை மக்கள் நேரடியாகத் தேர்ந்தெடுக்கிறார்கள். 2006 அரசியலமைப்பின்படி நிர்வாக அதிகாரம் அரசாங்கத்தின் கையில், அதாவது பிரதமர், அமைச்சர்கள் கையில்தான் இருக்கிறது. குடியரசுத் தலைவரின் எழுதப்பட்ட அதிகாரங்கள் குறைவு: பிரதமர் வேட்பாளரை முன்மொழிவது, சட்டங்களில் கையெழுத்திடுவது, தண்டனை மன்னிப்பு வழங்குவது, ராணுவத்துக்குத் தலைமை தாங்குவது, இப்படிச் சில.

2. நாடாளுமன்றத்தில் 250 இடங்கள். தனித்தனித் தொகுதிகள் கிடையாது, நாடு முழுவதும் ஒரே தொகுதிதான். கட்சிகள் ஒரு வேட்பாளர் பட்டியலை வைக்கும், வாக்காளர் பட்டியலுக்கு ஓட்டுப் போடுவார், ஓட்டு விகிதப்படி இடங்கள் கிடைக்கும். 3 சதவீதம் தாண்டினால்தான் பங்கு. அந்த 250 பேர் பிரதமரைத் தேர்ந்தெடுப்பார்கள்.

3. நகர மேயரை மக்கள் நேரடியாகத் தேர்ந்தெடுப்பதில்லை. 2004 தேர்தலில் அப்படி ஒரு முறை இருந்தது, அப்புறம் மாற்றிவிட்டார்கள். 2008இலிருந்து நகரசபை உறுப்பினர்கள்தான் மேயரைத் தேர்ந்தெடுக்கிறார்கள். நகரசபைக்கும் பட்டியல் முறையில்தான் ஓட்டு.

இரண்டாவது, மூன்றாவது புள்ளிகளைச் சேர்த்துப் பாருங்கள். ஒரு செர்பிய அரசியல்வாதி தன் பெயருக்கு ஒரு ஓட்டுகூட நேரடியாக வாங்காமல் மேயராகலாம், அமைச்சராகலாம், பிரதமரும் ஆகலாம். பட்டியலில் யார், எத்தனையாவது இடம் என்பதைக் கட்சி முடிவு செய்யும். அப்படியென்றால் அவருடைய பலம் எங்கிருந்து வருகிறது? கட்சித் தலைமையின் நம்பிக்கையிலிருந்து. வுச்செவிச்சின் வாழ்க்கையை விளக்கும் சாவி இதுதான் என்று நான் நினைக்கிறேன்.

ரேடிக்கல் கட்சியிலிருந்து முற்போக்குக் கட்சிக்கு

வுச்செவிச் பிறந்தது 1974 டிசம்பரில், நோவி சாத் நகரத்தில். அங்கேயே சட்டம் படித்து வழக்கறிஞரானார். அரசியலில் அவர் சேர்ந்தது செர்பிய ரேடிக்கல் கட்சி. வொயிஸ்லாவ் ஷெஷெல் தலைமையிலான கடும் தேசியவாதக் கட்சி அது. ஷெஷெல் 2003இல் ஹேக் நகரத்து போர்க்குற்றத் தீர்ப்பாயத்திடம் சரணடைந்து அங்கே சிறையில் இருந்தார், கட்சியை ஊரில் நடத்தியவர் டோமிஸ்லாவ் நிகோலிச், அவருக்கு அடுத்த இடத்தில் இளைஞரான வுச்சிச்.

2008இல் கட்சி உடைந்தது. ஐரோப்பிய ஒன்றியத்தோடு செர்பியா செய்துகொண்ட ஒப்பந்தத்தை ஆதரிப்பதா எதிர்ப்பதா என்பதில் நிகோலிச்சுக்கும் ஷெஷெலுக்கும் முட்டிக்கொண்டது. நிகோலிச்சும் வுச்சிச்சும் வெளியே வந்து செர்பிய முற்போக்குக் கட்சியைத் தொடங்கினார்கள். ஐரோப்பா வேண்டும், ரஷ்யாவும் வேண்டும், தேசியமும் வேண்டும் என்கிற கலவைதான் அதன் பாதை. வுச்செவிச்சும் அவர்களோடு வந்துவிட்டார். தொடக்க காலத்திலேயே கூட வந்தவர் என்ற அந்த ஒரு தகுதி பின்னால் அவருக்கு நிறையப் பயன்பட்டது.

நோவி சாத்தில் பத்து ஆண்டுகள்

நோவி சாத் செர்பியாவின் இரண்டாவது பெரிய நகரம், வொய்வொதீனா என்ற தன்னாட்சி மாகாணத்தின் தலைநகரம். 2022 கணக்கெடுப்பின்படி நகர எல்லைக்குள் சுமார் 3.7 லட்சம் பேர். தன்யூப் நதி, எதிர்க்கரையில் பெத்ரோவரதீன் கோட்டை, செர்பியர்களோடு ஹங்கேரியர்களும் ஸ்லோவாக்கியர்களும் கலந்து வாழ்கிற தெருக்கள். 1999 நேட்டோ குண்டுவீச்சில் இந்த ஊரின் மூன்று தன்யூப் பாலங்களும் விழுந்தன. அந்த ஊர்க்காரர்களுக்குப் பாலம் என்றால் வெறும் போக்குவரத்துச் சமாச்சாரம் இல்லை. கடைசியாக மீண்டும் கட்டப்பட்ட ஜெஜெல் பாலம் 2018இல்தான் திறக்கப்பட்டது. (இது பாலத்தை வடிவமைத்த பொறியாளரின் பெயர்.)

2012 மே மாதம் உள்ளாட்சித் தேர்தல் நடந்தது. அதுவரை மேயர் ஜனநாயகக் கட்சியின் இகோர் பாவ்லிச்சிச். முற்போக்குக் கட்சிக்குத் தனிப் பெரும்பான்மை கிடைக்கவில்லை. மேல்மட்டத்தில் அதே மாதம் நிகோலிச் குடியரசுத் தலைவர் தேர்தலில் ஜெயித்திருந்தார், தேசிய அளவில் காற்று திசை மாறியிருந்தது, நகரசபையிலும் கட்சிகள் அணி மாறின. நான்கு மாதப் பேச்சுவார்த்தைக்குப் பிறகு செப்டம்பரில் 37 வயது வுச்செவிச் மேயரானார். தலைநகரில் ஆட்சி மாறினால் உள்ளூர்க் கூட்டணிகளும் அதே நிறத்துக்கு மாறுவது செர்பியாவில் பழகிப்போன விஷயம்.

2016இலும் 2020இலும் கட்சி சுலபமாக ஜெயித்து அவரே மேயராகத் தொடர்ந்தார். இங்கே ஒரு சின்ன விவரத்தைக் கிட்டத்தில் பார்க்க வேண்டும். அந்த இரண்டு தேர்தல்களிலும் நோவி சாத் வாக்காளர் கையில் வாங்கிய உள்ளாட்சி வாக்குச்சீட்டில் முற்போக்குக் கட்சிப் பட்டியலின் பெயர் என்ன தெரியுமா? 2016இல் "அலெக்சாந்தர் வுச்சிச் – செர்பியா வெல்கிறது". 2020இல் "அலெக்சாந்தர் வுச்சிச் – நம் குழந்தைகளுக்காக". ஊர்க் குப்பை, ஊர்ப் பேருந்து, ஊர்ச் சாலைக்காக நடக்கும் தேர்தலில், அந்த நகரசபையில் ஒருநாளும் உட்காரப்போகாத ஒருவரின் பெயர் முதலில் இருக்கிறது. நான்கு ஆண்டுகள் ஊரை நிர்வகித்துவிட்டு வந்த மேயரின் பெயர் தலைப்பில் இல்லை.

அவருடைய மேயர் காலத்துக்கு இரண்டு முகங்கள் உண்டு, இரண்டையும் சொல்லியாக வேண்டும். 2019இல் நோவி சாத் ஐரோப்பிய இளைஞர் தலைநகரமாக இருந்தது. 2022இல் ஐரோப்பியக் கலாச்சாரத் தலைநகரம் என்ற பட்டம் கிடைத்தது (2021க்குத் திட்டமிட்டது, கொரோனாவால் தள்ளிப்போனது). ஐரோப்பிய ஒன்றியத்தில் உறுப்பினராக இல்லாத நாட்டு நகரம் ஒன்றுக்கு இது பெரிய விஷயம். பழைய தொழிற்சாலைப் பகுதிகள் கலைக்கூடங்களாயின, ஊருக்குப் பணம் வந்தது.

இன்னொரு முகம் கட்டுமானம். தன்யூப் கரையில் ஷோத்ரோஷ் என்ற பசுமையான பகுதி இருக்கிறது. அங்கே பெரிய குடியிருப்புத் திட்டமும் புதுப் பாலமும் வரப்போகின்றன என்றதும், மரங்களையும் நதிக்கரையையும் காக்க இளைஞர்கள் அங்கேயே முகாம் போட்டார்கள். 2022 ஜூலை 21 அன்று நகரின் புதிய பொது நகரமைப்புத் திட்டத்தை நகரசபை நிறைவேற்றியபோது வெளியே எதிர்ப்பாளர்களுக்கும் போலீசுக்கும் மோதல். மக்களிடம் கேட்காமல் ஊரை வரைகிறார்கள், ஒப்பந்தங்கள் எப்படிப் போகின்றன என்று தெரியவில்லை என்பதுதான் அன்றைய கோபம். இதை நினைவில் வையுங்கள். இரண்டு ஆண்டுகள் கழித்து நாடு முழுக்கக் கேட்ட கேள்வியும் இதேதான், அப்போது நடுவில் பிணங்கள் இருந்தன.

தலைநகர் பெல்கிரேடுக்குப் பயணம்

2022 அக்டோபரில் அப்போதைய பிரதமர் ஆனா பிர்னபிச்சின் மூன்றாவது அமைச்சரவையில் வுச்செவிச் துணைப் பிரதமர், பாதுகாப்பு அமைச்சர். நோவி சாத் மேயர் நாற்காலி அதே கட்சியின் மிலான் ஜுரிச்சுக்குப் போனது. பாதுகாப்பு அமைச்சராக அவர் அதிகம் பேசியது 2011இல் நிறுத்தப்பட்ட கட்டாய ராணுவப் பயிற்சியைத் திரும்பக் கொண்டுவருவது பற்றி.

அடுத்த ஏற்றம் 2023 மே மாதம். பெல்கிரேடு பள்ளி ஒன்றில் நடந்த துப்பாக்கிச் சூட்டுக்குப் பிறகு "வன்முறைக்கு எதிரான செர்பியா" என்ற பெரிய போராட்டங்கள் ஓடிக்கொண்டிருந்தன. அந்தச் சமயத்தில் வுச்சிச் கட்சித் தலைவர் பதவியிலிருந்து விலகி, வுச்செவிச்சை அதில் உட்கார வைத்தார். நாட்டின் மிகப் பெரிய கட்சிக்குத் தலைவர்! ஆனால் அந்த டிசம்பரில் நாடாளுமன்றத் தேர்தல் வந்தபோது பட்டியலின் பெயர் "அலெக்சாந்தர் வுச்சிச் – செர்பியா நிற்கக் கூடாது". வுச்சிச் அந்தத் தேர்தலில் வேட்பாளர் இல்லை, கட்சித் தலைவரும் இல்லை. 250இல் 129 இடங்கள் அந்தப் பெயரில் வந்தன.

2024 மே 2 அன்று வுச்செவிச் பிரதமரானார். அவருடைய ஆட்சி மொத்தமே ஒரு வருடத்துக்குள் முடிந்துவிட்டது, அதற்குள் இரண்டு பெரிய முடிவுகள். ஜூலையில் ஜாதார் பள்ளத்தாக்கு லித்தியம் சுரங்கத் திட்டத்துக்கு, முந்தைய அரசே ரத்து செய்திருந்த அனுமதியை, அரசியலமைப்பு நீதிமன்றத் தீர்ப்பைக் காட்டி மீண்டும் கொடுத்தார்கள், தண்ணீரும் நிலமும் கெட்டுப்போகும் என்று ஆகஸ்டில் மக்கள் ரயில் தண்டவாளங்களில் உட்கார்ந்தார்கள். அதே ஆகஸ்டில் பிரான்சிடம் 12 ரஃபேல் போர் விமானங்கள் வாங்க சுமார் 270 கோடி யூரோ ஒப்பந்தம். இரண்டுக்கும் வெளிநாட்டுத் தலைவர்களோடு மேடையில் முன்னால் நின்றவர் வுச்சிச்.

11:52

2024 நவம்பர் 1, வெள்ளிக்கிழமை. நோவி சாத் ரயில் நிலையம் 1964இல் கட்டியது. முகப்பில் நீளமான கான்கிரீட் கூரை ஒன்று, வாசலுக்கு மேலே வெளியே நீட்டிக்கொண்டிருக்கும், செர்பிய மொழியில் "நத்ஸ்த்ரேஷ்னிட்சா". அதன் கீழே பெஞ்சுகள். வெயிலுக்கும் மழைக்கும் ஒதுங்க, வண்டி வரும்வரை உட்கார, யாரையாவது எதிர்பார்த்து நிற்க வசதியான இடம். காலை 11 மணி 52 நிமிடத்துக்கு அந்தக் கூரை அப்படியே கீழே விழுந்தது. 14 பேர் இறந்தார்கள், அதில் ஆறு வயதுக் குழந்தையும் உண்டு. மருத்துவமனையில் இருந்த மேலும் இருவர் பின்னால் இறந்து, எண்ணிக்கை 16 ஆனது.

அந்த நிலையம் பாழடைந்து கிடந்த கட்டடம் இல்லை. 2021இலிருந்து புதுப்பிக்கப்பட்டு வந்தது, பெல்கிரேடிலிருந்து ஹங்கேரி எல்லை நோக்கிப் போகும் அதிவேக ரயில் பாதைத் திட்டத்தின் ஒரு பகுதியாக, சீன நிறுவனக் கூட்டமைப்பின் பொறுப்பில். 2022 மார்ச்சில் ஒருமுறை விழா எடுத்துத் திறந்தார்கள். மறுபடியும் வேலை நடந்து 2024 ஜூலையில் திறந்தார்கள். நான்கு மாதம்கூட முழுதாக ஆகவில்லை. கூரையில் நாங்கள் கை வைக்கவில்லை என்றார்கள் அதிகாரிகள். அப்படியானால் ஒப்பந்தங்களையும் வரைபடங்களையும் முழுதாக வெளியிடுங்கள் என்றார்கள் மக்கள்.

வுச்செவிச்சின் பொறுப்பைப் பற்றி நியாயமாகப் பேச வேண்டுமென்றால் இவற்றைப் பிரித்துப் பார்க்க வேண்டும்:

1. ரயில் நிலையம் மாநகராட்சியின் சொத்து இல்லை. அது மத்திய அரசின் ரயில்வே உள்கட்டமைப்பு நிறுவனத்துடையது. ஒப்பந்தங்களும் தேசிய அளவில் போடப்பட்டவை.

2. வேலை தொடங்கியபோதும், 2022 திறப்பு விழாவின்போதும் ஊரின் மேயர் அவர். கூரை விழுந்தபோது நாட்டின் பிரதமர் அவர், ஆளும் கட்சியின் தலைவரும் அவர்.

3. 2024 டிசம்பர் கடைசியில் அரசு வழக்கறிஞர் 13 பேர் மீது குற்றப்பத்திரிகை கொடுத்தார். கட்டுமானத் துறை அமைச்சராக இருந்து, சம்பவம் நடந்த சில நாட்களிலேயே பதவி விலகிய கோரான் வெசிச் அதில் ஒருவர். வுச்செவிச் அந்தப் பட்டியலில் இல்லை.

ஆக, சட்டப்படி அவரைச் சுட்டிக்காட்ட முடியாது. அரசியல் பொறுப்பு என்று பார்த்தால் மூன்று பக்கமும் அவர் பெயர்தான் வருகிறது.

ராஜினாமா எப்படி வந்தது

நவம்பர் 22 அன்று பெல்கிரேடு நாடகக் கலைக் கல்லூரி மாணவர்கள் இறந்தவர்களுக்காக மௌனமாக நின்றபோது சிலர் வந்து தாக்கினார்கள். அந்தக் கல்லூரியில் தொடங்கிய வகுப்புப் புறக்கணிப்பு நாட்டின் பெரும்பாலான கல்லூரிகளுக்குப் பரவியது. ஒவ்வொரு நாளும் 11:52க்குச் சாலைச் சந்திப்புகளில் போக்குவரத்தை நிறுத்தி, இறந்தவர் ஒவ்வொருவருக்கும் ஒரு நிமிடம் என்று மௌனம். ரத்தக்கறை படிந்த உள்ளங்கைதான் அவர்களின் சின்னம்.

2025 ஜனவரி 27 இரவு நோவி சாத்தில் முற்போக்குக் கட்சி அலுவலகம் ஒன்றின் அருகே ஸ்டிக்கர் ஒட்டிக்கொண்டிருந்த மாணவர்களை பேஸ்பால் மட்டைகளோடு வந்தவர்கள் அடித்தார்கள். ஒரு மாணவியின் தாடை அடிபட்டது. மறுநாள் காலையில் வுச்செவிச் ராஜினாமாவை அறிவித்தார், சமூகத்தில் பதற்றம் இதற்கு மேல் கூட வேண்டாம் என்பது அவர் சொன்ன காரணம். நோவி சாத் மேயர் ஜுரிச்சும் விலகினார். தாக்கியதாகக் குற்றம் சாட்டப்பட்ட நான்கு பேருக்கு அந்த ஜூலையில் வுச்சிச் மன்னிப்பு வழங்கினார். முதலில் சொன்ன அதிகாரப் பட்டியலில் அந்த ஒன்று இருந்தது, ஞாபகம் இருக்கிறதா?

ஜனவரியில் விலகியவர் மார்ச்சிலும் பிரதமரா?

ஆமாம், சட்டப்படி அப்படித்தான். செர்பிய அரசியலமைப்பின் 132ஆவது பிரிவு சொல்லும் வரிசை இது:

1. பிரதமர் ராஜினாமாக் கடிதத்தை நாடாளுமன்றத் தலைவரிடம் கொடுப்பார்.

2. அடுத்து நடக்கும் முதல் அமர்வில் நாடாளுமன்றம் அதைப் பதிவு செய்யும். ஓட்டெடுப்பு இல்லை, விவாதமில்லை, ஆனால் அந்தப் பதிவு நடந்த நாளில்தான் அவர் பதவிக்காலம் முடிகிறது.

3. அன்றிலிருந்து 30 நாட்களுக்குள் புது அரசு அமைய வேண்டும். அமையாவிட்டால் குடியரசுத் தலைவர் நாடாளுமன்றத்தைக் கலைத்துத் தேர்தல் அறிவித்தே தீர வேண்டும்.

கடிதம் ஜனவரியில் வந்தது. நாடாளுமன்றம் அதைப் பதிவு செய்தது மார்ச் 19. இடைப்பட்ட ஏழு வாரங்களில், மார்ச் 15 அன்று, பெல்கிரேடு அதுவரை பார்த்திராத கூட்டம் கூடியது. உள்துறை 1,07,000 என்றது, கூட்டங்களை எண்ணும் சுதந்திர அமைப்பு 2,75,000 முதல் 3,25,000 வரை என்றது. அந்த நாளில் பிரதமர் பெயருக்கு இருந்தார், அவ்வளவுதான். மார்ச் 19இல் ஓடத் தொடங்கிய 30 நாள் கடிகாரம் ஏப்ரல் 18இல் நின்றிருக்கும். ஏப்ரல் 16 அன்று, அரசியலில் பெரிதாக அறியப்படாத ஹார்மோன் மருத்துவப் பேராசிரியர் ஜுரோ மாட்சுட்டைப் பிரதமராகத் தேர்ந்தெடுத்தார்கள். தேர்தல் தேவைப்படவில்லை. நோவி சாத்திலும் இதே கதை: நகரசபை கூடி அதே கட்சியின் ஜார்கோ மிச்சினை மேயராக்கியது, ஊர்மக்களிடம் யாரும் ஓட்டுக் கேட்கவில்லை. வுச்செவிச் கட்சித் தலைவராகவே தொடர்ந்தார்.

மாணவர்கள் ஏன் திருப்தியடையவில்லை

ஏனென்றால் அவர்களுடைய பொதுவான கோரிக்கைப் பட்டியலில் பிரதமரின் ராஜினாமா இல்லவே இல்லை. அவர்கள் முதலில் வைத்த கோரிக்கைகள் நான்கு: ரயில் நிலையப் புதுப்பிப்பு ஆவணங்கள் எல்லாவற்றையும் வெளியிடு, மாணவர்களைத் தாக்கியவர்கள் மீது வழக்குப் போடு, போராட்டத்தில் கைதானவர்கள் மீதான வழக்குகளைக் கைவிடு, உயர்கல்விக்கான ஒதுக்கீட்டை 20 சதவீதம் கூட்டு. நான்கும் குறிப்பிட்ட துறைகளும் வழக்கறிஞர் அலுவலகமும் செய்ய வேண்டிய வேலைகள். ஒரு தலையைக் கொடுத்தால் இந்த நான்கில் ஒன்றும் நிறைவேறாது.

இந்தப் போராட்டத்தில் என்னை மிகவும் ஈர்த்த இடமும் இதுதான். வுச்சிச் பலமுறை மாணவர்களைப் பேச அழைத்தார். அவர்கள் அவரை வசைபாடவில்லை, அரசியலமைப்பைப் படித்துவிட்டு ஒரே பதிலைச் சொன்னார்கள்: "நியே நத்லேஷான்". அதாவது, இது உங்கள் அதிகார வரம்பில் வராத விஷயம். ஆவணம் அமைச்சகத்தில் இருக்கிறது, வழக்கு வழக்கறிஞரிடம் இருக்கிறது, நாங்கள் அவர்களிடம் கேட்டுக்கொள்கிறோம். வாக்குச்சீட்டின் தலைப்பில் பத்து வருடங்களாக ஒரே பெயரைப் பார்த்து வளர்ந்த பிள்ளைகள் இப்படிச் சொன்னார்கள் என்பதை யோசித்துப் பாருங்கள்.

ஆவணங்கள் முழுதாக வரவில்லை என்று மாணவர்கள் சொல்லிக்கொண்டே இருந்தார்கள், மாதங்கள் ஓடின. 2025 மே மாதம் அவர்கள் புதிய கோரிக்கை வைத்தார்கள்: உடனே நாடாளுமன்றத் தேர்தல் நடத்து. அரசாங்கம் காரணம் காட்டிப் பரிந்துரைத்தால், நாடாளுமன்றத்தைக் கலைக்கும் உத்தரவில் கையெழுத்திட வேண்டியவர் குடியரசுத் தலைவர். முதல்முறையாக, அவருடைய அதிகார வரம்புக்குள் வருகிற ஒன்றை அவரிடம் கேட்டார்கள்.